செலுவாயா நியுவாஃபோவுக்குத் திரும்பினாள்

நியுவாஃபோ தீவில் நடுவே ஏரி, சுற்றிலும் வளையமாக நிலம், அதற்கப்பால் கடல். அடியில் நெருப்பு இருக்கிறது என்பது எல்லோருக்கும் தெரியும், வேலைவெட்டியில் மறந்துபோவார்கள். செலுவாயாவால் மட்டும் மறக்க முடிந்ததில்லை. அவள் சிறுமியாக இருந்தபோது நெருப்புக் குழம்பு ஒரு ஊரையே மூடியிருந்தது.

அன்று மாலை நாத்தனார் லேசியேலியுடன் ஏரிக்கரையில் மலாவுப் பறவையின் முட்டைக்காகத் தோண்டிக்கொண்டிருந்தாள். வெதுவெதுப்பான மணலில் முட்டையைப் புதைத்துவிட்டுப் போகும் பறவை அது. அன்று மணலில் கை வைக்க முடியவில்லை.

"மண்ணு கொதிக்குது லேசியேலி. வா, போயிடலாம்."

"கோழி கத்தினாக்கூட மலை வெடிக்குதும்பீங்க அண்ணி. பேசாம தோண்டுங்க."

வீடு சேர்வதற்குள் தரை ஆடியது. இழுக்க ஆளில்லாமலே தேவாலய மணி அடித்தது. அவர்கள் ஊரான அங்காஹாவுக்குள்ளேயே நிலம் பிளந்து நெருப்பு எழும்பியது. எல்லோரும் மேட்டுக்கு ஓடினார்கள். பாதி வழியில் அவள் கணவன் சதேக்கி நின்றான்.

"பன்னியக் கட்டிப் போட்டுட்டு வந்துட்டேன். அவுத்துட்டு வந்துடறேன்."

"பன்னி போனா போகுது. போகாதீங்க."

போய்விட்டான். மேட்டில் அவளுக்கு ஜெபிக்கக்கூட வரவில்லை. கீழே குழம்பு கடலில் விழுந்து சீறியது. விடிந்த பிறகு, புருவம் பொசுங்கி, பன்றியைக் கயிற்றில் இழுத்தபடி சதேக்கி வந்தான். கை ஓயும்வரை அவனை அடித்தாள்.

யாரும் சாகவில்லை. ஆனால் சில மாதங்களில் கப்பல் வந்து தீவையே காலி செய்தது. துறைமுகம் கிடையாது, அலை படகைத் தூக்கும் நொடியில் பாறையிலிருந்து குதிக்க வேண்டும். செலுவாயாவுக்குக் கால் நகரவில்லை. லேசியேலிதான், "கண்ண மூடிக்குங்க அண்ணி" என்று அவளை இழுத்துக்கொண்டு குதித்தாள்.

அவர்களைக் குடியேற்றிய எயுவா தீவில் வள்ளிக்கிழங்கு நன்றாக விளைந்தது. பல வருடம் கழித்து, விருப்பமுள்ளவர்கள் திரும்பலாம் என்று அரசு சொன்னது. லேசியேலி மாட்டேன் என்றுவிட்டாள். செலுவாயா கிளம்பினாள்.

"நீயா?" என்றான் சதேக்கி. "அங்க இருக்கவே உனக்குப் பயமாச்சே."

"இங்கயும் பயந்துக்கிட்டுதான் கெடக்கேன். யாரோட மண்ணோ, எப்ப எந்திரிச்சுப் போம்பாங்களோன்னு. இந்தப் பயம் எனக்குப் பழகவே இல்ல."

அங்காஹா இருந்த இடத்தில் கறுத்த பாறைதான் கிடந்தது. தள்ளி, உயரமான இடத்தில் குடிசை போட்டார்கள். கடைசிவரை அவள் கதவைத் தாழிடவில்லை. லேசாக அதிர்ந்தாலும் வாசலுக்கு வந்து நின்றுவிடுவாள். அடங்கிய பிறகு அடுப்பைப் பார்க்கப் போவாள்.