காயம்பட்ட சுவர்

படம் எடுக்கக் கிரேக்கத் தீவுக்கு வந்த கூட்டத்தில் ஒரு பெண்ணுக்குக் கப்பல் ஒத்துக்கொள்ளாமல் ஒரே வாந்தி. மற்றவர்கள் கடலின் அழகைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். தீவுக்காரி கரிக்லியாதான் அவளை நிழலில் உட்காரவைத்து, எலுமிச்சைத் துண்டில் உப்புத் தொட்டு வாயில் வைத்தாள். இதை யாரிடமும் அவள் சொல்லிக்கொள்ளவில்லை.

கூட்டத்தின் தலைவன் ஃபெதோன், ஏதென்ஸ்காரன். கல், காற்று, கடல், முன்னோர் பெருமை, நடுநடுவே கவிதை என்று பதினைந்து நிமிஷப் படம். குன்றின் மேல் புனித மரீனா கோயில் சுவரைத் தடவிப் பார்த்துக் கண்கலங்கினான். கடற்காற்றில் ஒரே வருஷத்தில் சுண்ணாம்பு உரிந்த சுவர். மேய வரும் ஆட்டுக்குக்கூட அது தெரியும். பக்கத்தில் நின்ற கரிக்லியாவிடம் சொன்னான்:

"அம்மா, இதத் தொட்டுடாதீங்க. காலம் பண்ணின காயம் இது. ஞாயிறு வரைக்கும் எடுக்கணும்."

"காயம்னா மருந்து போடணும் தம்பி. வெள்ளிக்கிழமை சாயங்காலம் திருவிழாப் பூசை. அதுக்குள்ள வெள்ளையடிச்சாகணும்."

அவள் மகன் போன கப்பல் மூழ்கி, மகன் மட்டும் உயிரோடு கரை சேர்ந்தான். வருஷா வருஷம் திருவிழாவுக்கு முன் தன் கையால் வெள்ளையடிப்பதாக அன்று நேர்ந்துகொண்டாள். இருபத்தாறு வருஷம் தவறவில்லை. இவன் கவிதைக்காகப் புனிதையிடம் சொன்ன சொல்லை மாற்ற முடியுமா?

ஊர்த்தலைவர் கெஞ்சினார். "படம் வந்தா ஊருக்குப் பேரு கிடைக்கும் கரிக்லியா. ஒரு வருஷம் விட்டுக்குடேன்."

"ஊருக்குப் பேரு இருக்கே. படகுத்துறைப் பலகையில எழுதியிருக்கு, போய்ப் படி."

வெள்ளி விடிந்ததும் பிரஷை எடுத்தாள். தடுக்க ஓடிவந்த ஃபெதோன், அவளுடைய கறுப்பு உடையைப் பார்த்ததும் கேமராவைத் திருப்பச் சொன்னான்.

"அப்படியே நில்லுங்கம்மா! தனிமையில் வாடும் கைம்பெண்!"

வாளியில் சுண்ணாம்பு கலக்கிக்கொண்டிருந்த பந்தெலிஸ் நிமிர்ந்தான். "அப்ப நான் யாருடா?"

"கறுப்பு எங்க அண்ணனுக்காகத் தம்பி, போன வருஷம் தவறிட்டாரு. இது என் புருஷன். காலையில மூணு முட்டை தின்னுட்டு வந்திருக்கு."

இந்த நாட்டுப் பெண் யார் யாருக்குக் கறுப்பு கட்டுவாள் என்பதே தெரியாதவன், இந்த நாட்டின் ஆத்மாவைப் படம் பிடிக்க வந்திருந்தான். ஒலிவாங்கியைப் பிடித்திருந்த, அன்று வாந்தி எடுத்த அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

சாயங்காலம் மணி அடித்தபோது சுவர் பால்போல் இருந்தது. கரிக்லியா முழங்கால் வலிக்க வலிக்க விளக்குக்கு எண்ணெய் ஊற்றினாள்.

மறுநாளே கூட்டம் கிளம்பியது. படகுத்துறையில் ஃபெதோன், "என் படத்தையே அழிச்சிட்டீங்கம்மா" என்றான்.

"கோயிலைச் சுத்தின மதில் இன்னும் உரிஞ்சுதான் கெடக்கு தம்பி. அழணும்னா வந்து அங்க அழு. போறப்ப வெள்ளையடிச்சுட்டுப் போ."