நான் வெட்டி எறிந்த இருட்டு

“என்ரை இருட்டு எங்கை?” எண்டு அந்த மனுசன் கேட்டபோது எனக்கு விசர் வந்தது. அவற்றை படத்தைச் சனத்துக்குக் காட்ட மூண்டு நாள்தான் இருந்தது.

வெளிநாட்டுக்கு வந்து, செவன் ஹில்ஸ் எண்ட இடத்திலை ஒரு பிலிம் லாப்பிலை அப்ப எனக்கு வேலை. பழைய பிலிம் றீல்களைத் துப்புரவாக்கி, ஸ்கான் பண்ணி, டிஜிற்றலாக்கிக் குடுக்கிறது. அதுக்கு முதல் யாழ்ப்பாணத்திலை தியேட்டர் ஒப்பரேற்றராய் இருந்தனான். பிலிம் பற்றி எனக்கு ஒருத்தரும் சொல்லித்தரத் தேவையில்லை எண்ட எண்ணம். புதிசாய் இந்தத் தொழிலுக்கு வாற ஆக்கள் அந்த எண்ணத்தை வீட்டிலை வைச்சிட்டு வாங்கோ.

மனுசன்ரை தொல்லை

அவர் எகிப்துக்காரர், எண்பது வயசு, கெய்ரோவிலை டைரக்டராய் இருந்தவர். இங்கை மகளோடை வந்து தங்கியிருந்தார். எப்பவோ எடுத்த படமொண்டின்ரை ஒரேயொரு பிரிண்டை சூட்கேசிலை கொண்டு வந்திருந்தார். ஒரு சின்னத் திரைப்பட விழாவிலை அதைக் காட்ட ஒத்துக்கொண்டிருந்தவை. அவற்றை நாட்டிலை தடை செய்த படம், முதல்முறையாய்ச் சனம் முழுசாய்ப் பார்க்கப்போகுது.

ஒரு நாளைக்கு நாலு தரம் போன் எடுப்பார். வானம் நீலமில்லை, சாம்பல் எண்டுவார். சாம்பலாக்கினால் அது வேறை சாம்பல் எண்டுவார். என்னோடை வேலை செய்த கவிதா சென்னைப் பிள்ளை. போன் அடிச்சாலே, “அண்ணா, உங்க ஆளுதான். நான் டாய்லெட்டுக்குப் போறேன்” எண்டு எழும்பிப் போயிடுவா.

நான் செய்த வேலை

நாலாவது றீலுக்கு நடுவிலை நீளமாய் ஒரு கறுப்புப் பிலிம் ஒட்டியிருந்தது. படமும் இல்லை, சத்தமும் இல்லை. தியேட்டரிலை திரை இருண்டால் என்ன நடக்கும் எண்டு எனக்குத் தெரியும். சனம் விசிலடிக்கும், கதிரையை உதைக்கும், ஒப்பரேற்றரின்ரை தாய் தேப்பனை இழுக்கும். ஆரோ கிழிஞ்ச இடத்தைக் கறுப்பாலை ஒப்பேத்தியிருக்கிறான் எண்டு நினைச்சன். ஒட்டும் உக்கிப்போய் இருந்தது. கறுப்பை வெட்டிக் குப்பைக்குள்ளை போட்டிட்டு, ரெண்டு பக்கத்தையும் வடிவாய்ச் சேர்த்து ஒட்டினன். அளக்கவுமில்லை, ஆரையும் கேட்கவுமில்லை.

லாப்பிலை போட்டுக் காட்டினபோதுதான் மனுசன் எழும்பி நிண்டு அந்தக் கேள்வியைக் கேட்டது.

“அது பழுது. எடுத்துப்போட்டன்” எண்டன்.

“பழுதில்லை. அதுதான் என்ரை படம்” எண்டார்.

பிறகு இருந்து கதை சொன்னார். முதல் ரெண்டு படமும் நல்லாய் ஓடினதாம். மூண்டாவது படத்திலை ஒரு காட்சியை சென்சார் வெட்டச் சொன்னது. வெட்டிக் குடுத்தார். ஆனால் அந்த இடத்திலை அதேயளவு கறுப்பை ஒட்டிவிட்டார். வெட்டினது தெரியவேணும் எண்டுதான். படத்தைத் தடை செய்தினம். அதுக்குப் பிறகு ஆரும் அவரை நம்பிப் படம் குடுக்கேல்லை. முப்பது வருசம் சவர்க்கார விளம்பரமும் கலியாண வீடியோவும் எடுத்துச் சீவிச்சிருக்கிறார்.

குப்பை லொறி முதல்நாளே வந்து போட்டுது. என்னை நானே செருப்பாலை அடிக்கவேணும் போல இருந்தது.

“கம்ப்யூட்டரிலை இருட்டுப் போடலாம். எத்தினை செக்கன் எண்டு சொல்லுங்கோ” எண்டன்.

“எனக்கென்ன தெரியும்? காட்சி எவ்வளவோ அவ்வளவு. மணிக்கூட்டை எடும்.”

மேசைக்கு முன்னாலை போய் நிண்டார். சென்சார் வெட்டின அந்தக் காட்சியிலை, பொலிஸ் ஸ்டேசனிலை ஒரு தாயிட்டை மகன் போட்டிருந்த சேட்டு ஒண்டை மட்டும் குடுக்கினம். மனுசன் தன்ரை கோட்டைக் கழட்டி மேசையிலை விரிச்சார். கையாலை சுருக்கத்தைத் தடவினார். ஒரு பொத்தானைப் பூட்டினார். கோட்டுக் கையை மடிச்சு, கொலரைச் சரிப்பண்ணி, நெஞ்சோடை எடுத்து வைச்சுக்கொண்டு, “கட்” எண்டார்.

நாப்பத்தொரு செக்கன். கவிதா கண்ணைத் துடைச்சா. அப்பிடிச் சேட்டு மடிச்ச தாய்மாரை நான் எங்கடை ஊரிலை நேரிலை கண்டவன். 

படம் ஓடின நாள்

நான் விழாத் தியேட்டரின்ரை ஒப்பரேற்றர் அறைக்குள்ளை நிண்டன். திரை இருண்டதும் மனேச்சர் ஓடி வந்தான். “மெசின் நிண்டிட்டுதா?”

“இல்லை. ஒண்டிலையும் கை வைக்காதை” எண்டன்.

ஒருத்தரும் விசிலடிக்கேல்லை, இருமக்கூட இல்லை. 

முடிஞ்சு வெளியிலை வந்தால், ஆக்கள் வரிசையாய் நிண்டு மனுசன்ரை கையைப் பிடிக்கினம். என்னைக் கண்டதும் அவையை விட்டிட்டு வந்தார். நன்றி சொல்லப்போறார் எண்டு நினைச்சன்.

“அண்டைக்கு நான் அவசரமாய் மடிச்சுப்போட்டன்” எண்டார். “ரெண்டு செக்கன் காணாது.”

திங்கட்கிழமை விடியப் போய், முதல் வேலையாய் அந்த இருட்டிலை ரெண்டு செக்கன் கூட்டினன்.