எட்டடி ஏழு அங்குலம்

மண்ணெண்ணெய் விளக்கின் கண்ணாடிச் சிமினி ஒன்றைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு படகுத்துறை ஜெட்டியில் திரிவார் என்பதால், மலாயாவின் பத்து பகாட் ஊரில் துறைமுகக் குமாஸ்தா சிவசம்புவைச் 'சிமினிக் கிராணி' என்று கூப்பிட்டார்கள். முகத்துக்கு நேரே சொல்லமாட்டார்கள். அவருக்குத் தெரியும், பொருட்படுத்தமாட்டார்.

யாழ்ப்பாணத்திலிருந்து 1913இல் வந்தவர். முதலில் லாபிஸ் ரயில் நிலையத்தில் சரக்கு நிறுக்கும் வேலை. தராசில் மூட்டையை வைத்து, எடையைப் படித்து, சீட்டில் எழுதவேண்டும். ஆறு வருடம் அதைச் செய்தார். பிறகு பத்து பகாட் துறைமுக ஆபீசுக்கு மாற்றலாகி வந்தபோது, நிறுக்கவேண்டியது கப்பல் என்றார்கள். கப்பலை எந்தத் தராசில் ஏற்றுவது என்று அன்று மனைவி ஞானேஸ்வரியிடம் சொல்லிச் சிரித்தாராம்.

ஆறு மாதத்தில் அந்த வேலை அவரைப் பிடித்துக்கொண்டது. மிதக்கிற கப்பல் தன் எடைக்குச் சமமான தண்ணீரை ஒதுக்கித் தள்ளுகிறது. எவ்வளவு ஆழம் அமிழ்ந்திருக்கிறது என்று பார்த்தால், ஒதுக்கிய தண்ணீர் எவ்வளவு, கப்பல் எத்தனை டன் என்று சொல்லிவிடலாம். கட்டியவர்கள் ஒவ்வொரு கப்பலுக்கும் ஒரு பட்டியல் கொடுத்திருப்பார்கள்: இத்தனை அடி அமிழ்ந்தால் இத்தனை டன். முனையிலும் பின்புறத்திலும் அடிக்கணக்கு எண்கள் வெள்ளையில் எழுதியிருக்கும். ஒவ்வொரு எண்ணும் அரை அடி உயரம். எண்ணின் கால் தண்ணீரைத் தொட்டால் முழு அடி. தலை மறைந்தால் அதற்கு மேல் அரை அடி. இவ்வளவுதான் வித்தை. ஆனால் தண்ணீர் ஒரு நொடியும் சும்மா இருப்பதில்லை.

1924இல் தண்ணீரின் அந்த ஆட்டத்தைத் தப்பாகப் படித்து, அன்னாசி ஏற்றிய கப்பல் ஒன்றை ஒரு நாள் முழுக்க நிறுத்திவைத்தார். பழம் அழுகியது. மேலிடத்திலிருந்து கண்டித்துக் கடிதம் வந்தது. அதற்குப் பிறகுதான் சிமினி. அதை எண்ணின்மேல் நிமிர்த்திப் பிடித்தால், வெளியே தண்ணீர் எவ்வளவு குதித்தாலும் குழாய்க்குள் அடங்கி நிற்கும்.

1928 மார்கழியில் பதினொரு நாள் விடாமல் மழை. ஆயர் ஈத்தாம் பக்கம் சாலை வெள்ளத்தில் முழுகிவிட்டது. தந்திக் கம்பிகள் அறுந்து கிடந்தன. சிங்கப்பூருக்குப் போக ஒரே வழி கடல். ஜெட்டியில் 'லாயாங்' என்ற சிறிய நீராவிக் கப்பல், முன்புறத்தில் கொப்பரையும் பாக்கும், பின்புறத்தில் ரப்பரும் ஏற்றி, எழுபது பயணிகளோடு நின்றது. பன்னிரண்டு மணிக்கு ஓதம் ஏறி, ஆற்றில் தண்ணீர் உச்சத்துக்கு வரும். அதற்குள் கிளம்பினால்தான் ஆற்றுவாயின் மணல்மேட்டைத் தாண்டலாம். தவறினால் மறுநாள்.

காலை எட்டரைக்கு சிவசம்பு சம்பானில் ஏறினார். துடுப்புப் போட்டவன் வீரமுத்து. ஜெட்டி ஆட்களுக்குத் தலைவன். கிராணிக்குச் சம்பான் ஓட்டுவதும் அவன்தான். அவன் மனைவி பேச்சியம்மாள் கப்பலின் மேல்தட்டில், கித்தான் கூரைக்குக் கீழே பாயில் சுருண்டு கிடந்தாள். இரண்டு நாளாக வலது அடிவயிற்றில் வலி. குடல்வால் வீங்கியிருக்கிறது, நாளை விடிவதற்குள் சிங்கப்பூரில் கத்தி வைத்தாகவேண்டும் என்று ஆஸ்பத்திரி டிரஸ்ஸர் சொல்லிவிட்டார். இங்கே அறுவை செய்யத் தெரிந்த டாக்டர் வெள்ளத்துக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டிருந்தார்.

முனையில் '8' என்ற எண்ணின் கால் மட்டும் நனைந்திருந்தது. எட்டடி ஒரு அங்குலம். பின்புறம் எட்டடி ஒன்பது. சராசரி எட்டடி ஐந்து.

சரக்குப் பட்டியலைக் கூட்டினால் கப்பல் கடலில் சரியாக எட்டடி அமிழவேண்டும். இப்போது ஐந்து அங்குலம் அதிகம்; ஆனால் இது ஆற்றுத் தண்ணீர். சிவசம்பு வாளியில் தண்ணீர் மொண்டு, உப்பு அளக்கும் கண்ணாடி மிதவையை அதில் இறக்கிப் பார்த்தார். துளி உப்பில்லை; மழைத் தண்ணீர். உப்பில்லாத தண்ணீர் லேசானது, கப்பல் அதில் கொஞ்சம் அதிகமாக இறங்கும். அதற்கு இரண்டு அங்குலம் கழித்தார். பழைய கப்பல், அடியில் பாசியும் சிப்பியும் உண்டு; அதற்கு ஒன்று. அப்படியும் இரண்டு அங்குலம் மிச்சம். லாயாங்கில் ஒரு அங்குலம் என்றால் ஐந்து டன். கணக்கில் இல்லாத பத்து டன் எங்கிருந்தோ கப்பலுக்குள் வந்திருக்கிறது.

கப்டன் யூசோப் நல்ல மனிதர். இருபது வருடம் இந்தக் கரையில் ஓடியவர். கிராணி சொன்னதைப் பொறுமையாகக் கேட்டார்.

"பத்து டன்னா? மூட்டை எல்லாம் நனைஞ்சிருக்கு, கிராணி. பதினொரு நாள் மழை," என்றார் மலாயில்.

"நனைந்த மூட்டையையே நிறுத்துத்தான் ஏற்றினோம், கப்டன். கப்பலுக்குள்ளே தண்ணி வருகுதோ பாருங்கள்."

கப்டன் மறுக்கவில்லை. ஆளை விட்டு, முன் சரக்கறையின் அடிவரைக்கும் போகும் குழாயில் அளவுகோலை இறக்கச் சொன்னார். கோல் உலர்ந்தே வந்தது. மறுபடியும் இறக்கினார்கள். உலர்ந்த கோல்.

"பாத்தீங்கள்ல?" என்றார் கப்டன். "கப்பல் புறப்படற சீட்டுல கையெழுத்துப் போடுங்க."

சிவசம்புவுக்கு அழுகிய அன்னாசியின் நாற்றம் நான்கு வருடத்துக்குப் பிறகும் மூக்கில் ஏறியது போலிருந்தது. கோல் பொய் சொல்லுமா? அப்படியானால் தன் கணக்கில்தான் பிழை. உட்கார்ந்து இரண்டு முறை திரும்பக் கூட்டினார். அதே பத்து டன்தான் வந்தது. துறைமுக அதிகாரியைக் கேட்கலாம் என்றால், அவர் ஜொகூர் பாருவில், தந்தி இல்லை. கையெழுத்துப் போடவும் போடாமலிருக்கவும் அன்று பத்து பகாட்டில் அவர் ஒருவர்தான்.

"இன்னொருதரம் அளக்கிறேன்," என்றார். "அதுவரைக்கும் ஒரு மூட்டையும் ஏத்தக்கூடாது, இறக்கக்கூடாது."

ஒன்பதே முக்காலுக்கு மறுபடியும் சம்பான். பாதி வழியில் வீரமுத்து துடுப்பை மேலே தூக்கிவிட்டான். சம்பான் ஆற்றோடு சாய்ந்து இழுபட்டது.

"ஐயா, போதும். அளக்கவேணாம்."

"துடுப்பைப் போடும், வீரமுத்து."

"அளவு சரியா இருக்குன்னு எழுதுங்க. யாரு வந்து பாக்கப் போறா? அங்க அவ பல்லைக் கடிச்சிக்கிட்டுக் கெடக்கிறா. சத்தம் போடக்கூட தெம்பு இல்ல. நீங்க தண்ணிக்குள்ள சிமினியை விட்டுக்கிட்டு நிக்கிறீங்க!"

"பொய் எழுதச் சொல்லுறீரோ?"

"ஆமா, எழுதுங்க! உங்க சம்சாரமா இருந்தா எழுதமாட்டீங்களா?"

சிவசம்பு சிமினியை மடியில் வைத்துக்கொண்டார். எழுதுவேனோ என்று தன்னையே கேட்டுக்கொண்டவர்போல இருந்தார்.

"ஒன்பது மணித்தியாலம் கடலிலே போகவேணும்," என்றார் கடைசியில். "உம்மட பெண்சாதி அந்தத் தட்டிலேதானே இருக்கப் போறா? நான் எதை எழுதினாலும் கப்பல் அதைக் கேட்டு மிதக்காது. இந்த ஒருதரம் கொண்டுபோய் விடும். ஒன்றும் மாறாமல் இருந்தால் அந்த நிமிஷமே கையெழுத்துப் போடுறன்."

வீரமுத்து துடுப்பைத் தண்ணீரில் அறைந்தான். சம்பான் கப்பலின் முனைக்குக் கீழே போய் இடித்து நின்றது. சிவசம்பு சிமினியை எடுத்துக் குனிந்தார். எங்கே பிடிப்பது என்று தெரியாமல் அப்படியே இருந்தார். '8' இல்லை. அதன் தலைகூடத் தண்ணீருக்குள் போயிருந்தது.

வீரமுத்துவுக்கு எழுத்தும் தெரியாது, எண்ணும் தெரியாது. ஆனால் ஒரு மணி நேரத்துக்கு முன்பு இதே இடத்தில் ஒரு வெள்ளை எழுத்து ஏறக்குறைய முழுசாக வெளியே தெரிந்ததை அவனும் பார்த்திருந்தான்.

"ஐயா," என்றான். "அந்த எழுத்து எங்க?"

பின்புறம் அளந்தார்கள். எட்டடி எட்டு.

கப்டன் மேலேயிருந்து எட்டிப் பார்த்தார். "மழைக்கு ஒதுங்கி ஆளுங்க எல்லாம் முன்பக்கம் வந்துட்டாங்க. அதான் முனை தாழ்ந்திருக்கு," என்றார்.

"ஆட்கள் முன்னுக்கு வந்தால் முனை தாழ்கிற அளவுக்குப் பின்பக்கம் உயரவேணும், கப்டன்! இது முனையிலே ஐந்து அங்குலம் தாழ்ந்திருக்கு, பின்னாலே ஒன்றுதான் உயர்ந்திருக்கு. சராசரி எட்டடி ஏழு. ஒரு மூட்டையும் ஏத்தவில்லை. இன்னும் பத்து டன் கூடியிருக்கு. முன் சரக்கறையைத் திறவுங்கள்!"

"திறந்து, மூட்டையை எடுத்து, திரும்ப அடுக்கினா ஓதம் போயிரும். உள்ளே ஒண்ணும் இல்லேன்னா இந்த எழுபது பேருக்கும் நீங்கதான் பதில் சொல்லணும்."

"சொல்லுறன்," என்றார் சிவசம்பு.

கப்டன் இன்னும் தயங்கி நின்றார். அதற்குள் வீரமுத்து கயிற்றேணியில் ஏறிவிட்டான். மனைவி கிடந்த பக்கம் திரும்பவே இல்லை. நேராக முன் சரக்கறையின் மூடிக்குப் போனான். சுத்தியலைப் பிடுங்கி, ஆப்புகளை ஒவ்வொன்றாகத் தட்டிக் கழற்றினான். அவன் ஆட்கள் எட்டுப் பேர் பின்னால் ஓடிவந்தார்கள். சிவசம்புவும் ஏணியில் ஏறி வந்தார். கப்டன் தடுக்கவில்லை.

முதல் அடுக்கு மூட்டைகள் வந்தன. மழையில் பட்ட ஈரம் தவிர வேறில்லை. இரண்டாவது அடுக்கும் அப்படியே. பயணிகள் முணுமுணுத்தார்கள், ஒருவர் சிவசம்புவைப் பார்த்துக் கெட்ட வார்த்தை சொன்னார். மணி பத்தரை. மூன்றாவது அடுக்கில் ஒரு பாக்கு மூட்டையை வீரமுத்து இழுத்தான். அது வரவில்லை. இன்னொருவனும் சேர்ந்து இழுத்தான். மூட்டை 'சளக்' என்று பிடுங்கிக்கொண்டு வந்தது. அதன் அடிப்பாதி கறுத்து ஊறியிருந்தது. அந்தக் குழியில் கறுப்புத் தண்ணீர் சுழன்றது. வெள்ளத்தில் வந்த மரக்கட்டை ஏதோ முட்டி, முனைக்குக் கீழே தகடு ஒரு சாண் நீளம் பிரிந்திருந்தது என்று பிற்பாடு தெரிந்தது. அளவுகோல் இறங்கிய குழாயின் அடியில் கொப்பரைத் தூள் அடைத்திருந்தது.

கப்டன் தொப்பியைக் கழற்றினார். "எல்லாரையும் இறக்குங்க," என்றார் மெதுவாக.

வீரமுத்து தலை முதல் கால் வரை சேறாக வெளியே வந்தான். சிவசம்புவின் முன்னால் நின்றான். "சரி, ஐயா. கப்பல் போகாது. இப்ப என் பொஞ்சாதிக்கு என்ன வழி?"

சிவசம்பு கப்பலை விட்டு இறங்கி விறுவிறுவென்று நடந்தார். ஜெட்டியின் மறுமுனையில் துறைமுக ஆபீசின் மோட்டார் லாஞ்சு கட்டியிருந்தது. ஆற்று மிதவைகளைப் பார்த்துவர வைத்திருப்பது. அதிகாரியின் எழுத்து உத்தரவில்லாமல் அதை அவிழ்க்கக்கூடாது. சிவசம்பு தன் நோட்டுப் புத்தகத்திலிருந்து ஒரு தாளைக் கிழித்து உத்தரவு எழுதினார். அடியில் தன் பெயரையே போட்டு, லாஞ்சு ஓட்டும் மலாய் செராங்கிடம் கொடுத்தார்.

செராங் படித்துவிட்டு அவரைப் பார்த்தான். "உங்களுக்கு இதுக்கு அதிகாரம் இருக்கா, கிராணி?"

"இல்லை. நீ புறப்படு."

பதினொன்றரைக்கு லாஞ்சு கிளம்பியது. பாயோடு தூக்கி வைத்த பேச்சியம்மாள், அவள் தலையை மடியில் தாங்கிய வீரமுத்து, செராங், இஞ்சின் ஆள். மழைக்குள் போய் மறைந்தது.

அடுத்த மூன்று நாள் சிவசம்புவுக்கு வாழ்நாளிலேயே நீளமான நாட்கள். தந்தி வரவில்லை. லாஞ்சும் வரவில்லை. நாற்பதடிப் படகு, வெளியே கடல் எப்படி இருக்கிறதென்று யாருக்கும் தெரியாது. கப்பலை நிறுத்தியது சரி, நான்கு உயிரைச் சிறுபடகில் அனுப்பியது சரியா? பதில் தெரியவில்லை. சோற்றைப் பிசைந்தபடியே உட்கார்ந்திருப்பார்.

"நீங்கள் சாப்பிடாட்டி லாஞ்சு கெதியா வந்திடுமோ?" என்றாள் ஞானேஸ்வரி. பிறகு அவளும் சாப்பிடவில்லை.

நாலாம் நாள் மத்தியானம் லாஞ்சு வந்தது. செராங்கும் இஞ்சின் ஆளும் மட்டும் இறங்கினார்கள். இருட்டின பிறகுதான் சிங்கப்பூர் சேர்ந்தார்கள், உடனே உள்ளே எடுத்துக்கொண்டு போனார்கள், ஒன்றும் நிச்சயமில்லை என்று டாக்டர் சொன்னார், ஆனால் தான் கிளம்பும்போது அவள் தண்ணீர் கேட்டாள் என்றான் செராங். சிவசம்பு ஆபீசுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

லாயாங் முழுகவில்லை. தண்ணீர் வடிந்தபோது சேற்றில் உட்கார்ந்தது. இறைத்து, தகடு அடித்து, பன்னிரண்டாம் நாள் போனது. போகுமுன் கப்டன் யூசோப் ஆபீசுக்கு வந்து, அன்றைய இரண்டு அளவுகளையும் நேரத்தோடு எழுதித் தரச் சொல்லி வாங்கிப் போனார்.

முழுகாத கப்பலைப் பற்றி ஆபீசில் யாருக்கும் எழுத ஒன்றுமில்லை. உத்தரவில்லாமல் லாஞ்சை அனுப்பியதைப் பற்றி எழுதினார்கள். சித்திரையில் சிவசம்புவைப் பொந்தியானுக்கு மாற்றினார்கள். பதவியும் ஒரு படி கீழே. அங்கே பெரிய கப்பல் வருவதில்லை. மீன்பிடிப் படகுகளைப் பதிவது வேலை. 1937இல் ஓய்வு பெறும்வரை அதைத்தான் செய்தார்; அதைப் பற்றி ஒருபோதும் குறைப்பட்டுக்கொண்டதில்லை என்று சொல்லமுடியாது. வீட்டில் நிறையக் குறைப்பட்டுக்கொண்டார்.

பத்து பகாட்டை விட்டுப் புறப்பட்ட நாள், வீரமுத்து தானாக வந்து டிரங்குப் பெட்டிகளை பஸ்ஸின் கூரையில் ஏற்றிக் கட்டினான். சம்பானில் பேசியதைப் பற்றி அவனும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. கட்டிய கயிற்றை இரண்டு முறை இழுத்துப் பார்த்தான். ஐந்து வாரம் ஆஸ்பத்திரியில் கிடந்து இளைத்துப் போயிருந்த பேச்சியம்மாள் ஒரு தூக்குச் சட்டியை ஞானேஸ்வரியின் மடியில் வைத்தாள்.

"புளிச்சோறும்மா. ரெங்கிட் ஊரு தாண்டினதும் சாப்பிட்டுருங்க, அப்புறம் ரோடு தூக்கித் தூக்கிப் போடும்," என்றாள். பிறகு சிவசம்புவைப் பார்த்து, "ஐயா, கைய வெளிய வெக்காதீங்க. பஸ்காரன் மரத்தை ஒட்டியே ஓட்டுவான்," என்றாள்.

அவர் கையை உள்ளே இழுத்துக்கொண்டார். பஸ் கிளம்பியது.