பொம்மைக்கு அடித்த மொட்டை

விக்கிரமங்கலம் பக்கத்தில் உள்ள குலதெய்வக் கோயிலில் அன்று அக்கா இருந்தாள், அவளுடைய ஐந்து வயது மகள் இருந்தாள், அம்மா, மொட்டை அடிக்க வந்த நாவிதர் அண்ணன், தாய்மாமனாக நான். அத்தான் மட்டும் இல்லை. அவர் துபாயிலிருந்து அம்மாவின் கைப்பேசியில் பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறந்ததும் ஆஸ்பத்திரிக் கண்ணாடிப் பெட்டியில் கிடந்த பிள்ளைக்காக அக்கா நேர்ந்துகொண்ட முடி அது. ஒற்றைப்படை வயதில்தான் எடுக்க வேண்டும்; அடுத்த மாதம் ஆறு பிறந்துவிடும். பிள்ளையோ அத்தான் அனுப்பிய பொம்மையை விடாமல் பிடித்துக்கொண்டு, என் மடியில் உட்கார மறுத்தாள்.

"மொதல்ல இவளுக்கு அடிங்க. அப்புறந்தான் எனக்கு."

உலகம் பூராவும் பிள்ளைகள் உடை மாற்றி விளையாடும், இடுப்பு வரை பொன்னிற முடி வைத்த அந்தப் பொம்மைதான். அதன் கதையை நான் தேடிப் படித்திருந்தேன். அதற்கு முன்மாதிரியான பொம்மையை ஜெர்மனியில் ஆண்களுக்குக் கேலிப் பரிசாக விற்றார்களாம். படித்தபோது தூக்கிவாரிப் போட்டது, அக்காவிடம் சொல்லவில்லை. அதே பெயரில் கறுப்பு நிறப் பொம்மை வர இருபது வருடத்துக்கு மேல் ஆனதாம். இவ்வளவும் படித்தவனுக்கு, முடிக்குக் கீழே என்ன இருக்கும் என்பது மட்டும் தெரியாது.

"ஏன் தம்பி, இந்த வெள்ளைக்காரிக்கும் நீங்கதான் தாய்மாமனா?" என்று சிரித்தார் அண்ணன்.

"ஆமாண்ணே. அடிங்க."

தண்ணீர் தெளித்துக் கத்தியை வைத்து இழுத்தார். முடி கொத்துக்கொத்தாகப் பிடுங்கிக்கொண்டு வந்தது. மண்டை முழுக்க வரிசை வரிசையாக ஓட்டைகள். தெளித்த தண்ணீர் அவற்றிலிருந்து கசிந்தது. எனக்கே உடம்பு கூசியது.

"மாமா! எனக்கும் உள்ள இப்புடித்தான் ஓட்டையா இருக்குமா?"

கேட்டவள் இரண்டு கையாலும் தலையைப் பொத்திக்கொண்டு அலறினாள்.

"புள்ளைய இப்புடி அரள வச்சிட்டியேடா! காலேஜ் படிச்ச புத்தி இதானா?" என்றாள் அம்மா.

கைப்பேசியில் அத்தான் பதறினார். "மாப்ள, என்னடா சத்தம்? கத்தி பட்டுருச்சா?"

கத்தி அவள் பக்கமே போகவில்லை. அன்று முடி எடுக்காமலே வீடு திரும்பினோம். அதன் பிறகு யார் தலையைத் தொட்டாலும் வீறிட்டாள். சீப்பைக்கூட விடவில்லை. வயது தாண்டிவிடும் என்று அக்கா சாப்பிடாமல் கிடந்தாள்.

கடைசியில், ஆறு பிறப்பதற்குள் அத்தான் லீவு போட்டுவிட்டு வந்தார். அதே கோயிலில் தான் முதலில் மொட்டை அடித்துக்கொண்டு மகள் முன்னால் குனிந்தார்.

"தொட்டுப் பாரு சாமி. ஓட்டை இருக்கா?"

அவள் உள்ளங்கையால் தடவினாள். காதுக்குப் பின்னாலும் விரலை விட்டுப் பார்த்தாள்.

"இல்லப்பா" என்றவள், தானே வந்து என் மடியில் உட்கார்ந்தாள்.

பொம்மைக்கு அடித்த அந்த ஒரு மொட்டைக்கு, போக வர விமான டிக்கெட், பிடித்துக்கொண்ட சம்பளம், இரண்டாம் முறை வேன் வாடகை எல்லாம் சேர்த்து அறுபத்து மூவாயிரம் ரூபாய் ஆனது.