லெவலுக்குச் சொன்னது

அவள் ஆவணப்படம் எடுப்பவள். அதை வெட்டி ஒட்டுகிற எடிட்டர் நான். பத்து வருடமாக எங்களுக்குள் வாய்ச்சண்டை ஓய்ந்ததில்லை. பெண்ணாக இருப்பதில் எவ்வளவு நடிப்பு இருக்கிறது என்பதுதான் அவளுடைய எல்லாப் படத்துக்கும் விஷயம். விமானப் பணிப்பெண், நகைக்கடை விற்பனைப்பெண் என்று ஊரெல்லாம் சுற்றிவிட்டு, கடைசியில் தன் அம்மாவிடமே வந்து நின்றாள்.

அம்மா டப்பிங் கலைஞர். முப்பது வருடம் கதாநாயகிகளுக்காகச் சிரித்தவர், அழுதவர். இப்போது தொண்டையில் கட்டி. குரல்வளையையே எடுத்தாக வேண்டும் என்று டாக்டர் தேதி குறித்துவிட்டார். கையில் இருந்தது பன்னிரண்டு நாள். அதற்குள் அம்மாவின் சொந்தக் குரலைப் பிடித்து வைத்துவிட வேண்டும் என்று மகள் துடித்தாள்.

கேமரா ஓட ஆரம்பித்தால் போதும், அம்மாவின் தொண்டையில் யாரோ ஒரு இருபது வயதுக்காரி வந்து உட்கார்ந்துகொள்வாள்.

"உன் குரல்ல பேசும்மா."

"நான் என்னடி பண்ண? பொம்பளைன்னா எப்படிப் பேசணும்னு டப்பிங் தியேட்டர்ல கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நாலு ஆம்பளைங்க உக்காந்து சொல்லிக்கொடுத்தது. ஆரம்பிக்கலாம்னு சொன்னாலே தானா வந்துருது."

பன்னிரண்டு நாளும் இதே கதைதான். ஆபரேஷனும் முடிந்தது.

எங்கேயாவது ஒரு வரி சிக்கியிருக்கும் என்று என் அறையில் மூன்று நாள் உட்கார்ந்து கேட்டோம். எல்லாமே தேன் குரல். மூன்றாம் நாள் மாலை அவள் முகம் வெளுத்தது.

"லெவல் பாத்தோமே..." என்றாள்.

ஒவ்வொரு முறையும் கேமராவை ஓடவிடும் முன் அம்மாவுக்கு மைக் குத்தி, ஒலி அளவு சரிபார்க்க ஏதாவது பேசச் சொல்வாள். அம்மா கணக்கில் அது வேலையே இல்லை. அதனால் தன் கரகரத்த கட்டைக் குரலில் தினமும் ஒரே திட்டு: "முடியைத் தூக்கிக் கட்டுடி, மூஞ்சியே தெரியல."

அதெல்லாம் ரெக்கார்டரில் பதிவானதுதான். அன்றன்று சாயங்காலம் அவளே அழித்திருந்தாள். அதே மெமரி கார்டில் மறுநாள் வேறு பதிவும் செய்துவிட்டாள். "லெவல் பாத்த குப்பையெல்லாம் எனக்கு அனுப்பாதே, அன்னன்னைக்கே அழிச்சிடு" என்று முதல் படத்தின்போது கத்தியவன் நான். அதை அவள் சொல்லிக்காட்டவில்லை. ரெண்டு அறை விட்டிருந்தால்கூட எனக்கு இவ்வளவு வலித்திருக்காது.

கடைசிக் காட்சியை எடுக்க அம்மாவின் அறைக்குப் போனோம். லைட் பிடிக்க நானும் போயிருந்தேன். அம்மா கழுத்தில் கட்டோடு ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். அவள் ஹெட்போனை மாட்டினாள், குனிந்து மைக்கைக் குத்தினாள். பழக்கதோஷத்தில் வாயில் வந்துவிட்டது.

"ஏதாவது சொல்லும்மா, லெவல் பாக்கணும்."

சொன்ன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

அம்மா மகளை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு நிதானமாக உதட்டை அசைத்தார். ரெக்கார்டரில் ஒலி அளவுக் கோடு அசையவில்லை.

அவள் ஹெட்போனைக் கழற்றி வைத்தாள். அழுதுகொண்டே, இரண்டு கையாலும் முடியைத் தூக்கிக் கட்டினாள்.