பறந்துபோன ஜாம் சட்டி

இங்கிலாந்தின் ஹல் நகரத்தில் அந்தத் தெருக்காரர்களுக்கு வினி என்கிற வினிஃப்ரெட் டாஸ்கர் என்றால் அவளுடைய பெண்கள் தொண்டர்படைப் பச்சைச் சீருடைதான் ஞாபகம் வரும். ஹிட்லர் சண்டையின்போது கைவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்து, "அலுமினியப் பாத்திரம் இருந்தா எடுங்க, விமானம் செய்யணும்" என்று வாசலை அடைத்து நிற்பாள். வாங்காமல் நகர மாட்டாள்.

அடுத்த வீட்டு ஈனிட் கார்பட் தன் ஜாம் சட்டியை மனசில்லாமல்தான் கொடுத்தாள். அதன் விளிம்பில் ஒரு நசுங்கல். மகன் காலின் சின்ன வயதில் அதைத் தொப்பியாகக் கவிழ்த்துக்கொண்டு மாடிப்படியில் உருண்டபோது ஏற்பட்டது. பிறகு விமானப்படையில் சேர்ந்த காலின், ஜெர்மனிக்குப் பறந்தவன் திரும்பவில்லை. "என் சட்டியும் அவன்கூடத்தான் போச்சு" என்பாள் ஈனிட். அதைச் சொல்லும்போது மட்டும் அவள் முகம் கொஞ்சம் தெளியும்.

பத்துப் பதினோரு வருடம் கழித்து, சூயஸ் கால்வாயைப் பிடிக்கப் போன நம் பிரிட்டிஷ் பட்டாளம் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு திரும்பிய குளிர்காலத்தில் நகரசபைக் கிடங்கைக் காலி செய்தார்கள். கொட்டகைக்குப் பின்னால், புதருக்குள், அன்று வாங்கிய அத்தனை பாத்திரமும் கிடந்தது. யாரும் உருக்கவே இல்லை. அங்கே போயிருந்த வினி, குவியலில் ஈனிட் சட்டியின் அந்த நசுங்கலைப் பார்த்தாள். சட்டியைக் கோட்டுக்குள் மறைத்து எடுத்துவந்து, வீட்டில் கரி மூட்டைக்குப் பின்னால் செருகினாள்.

ஜனவரியில் மார்மலேட் ஜாமுக்கான கசப்பு ஆரஞ்சு கடைக்கு வந்ததும் ஈனிட் கதவைத் தட்டினாள்.

"ஏன்டி வினி, மார்மலேட் கிண்டப் பெரிய சட்டி ஏதாவது வச்சிருக்கியா? பேப்பர் பாத்தியா, சூயஸ் விஷயத்துல அமெரிக்காக்காரன் ஒரு அதட்டு போட்டான், நம்ம பெரிய மனுஷங்க வாலைச் சுருட்டிக்கிட்டாங்க. போன சண்டையிலயாவது நாம குடுத்தது உருப்படியாப் போச்சு. இல்லயா?"

ஆமாம் என்று சொல்ல வினிக்கு வாய் வரவில்லை. உண்மையைச் சொல்லவும் வரவில்லை. பரணேறி, பழைய போர்வையில் சுற்றியிருந்த தன் சொந்தச் சட்டியை இறக்கிக்கொண்டு வந்தாள். ஊரார் பாத்திரத்தையெல்லாம் வாரியவள் அதை மட்டும் கொடுக்கவில்லை. இத்தனை வருடமும் ஜன்னல் திரையை இழுத்துவிட்டுத்தான் அதில் ஜாம் காய்ச்சினாள்.

ஈனிட் சட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இது பழைய அலுமினியம்."

"ஆமா."

"நாட்டுக்கு ஒரு சட்டி குடுக்க மனசு வரலையான்னு என் வாசல்ல நின்னு கேட்டியே. அப்ப இது எங்கடி இருந்துச்சு?"

"மேல."

"சீ! இனிமே இது என்னுது. திருப்பிக் கேட்டுடாத." வெளிக்கதவு வரை போன ஈனிட் திரும்பினாள். "என்னுது பறந்துச்சுடி. உன்னுது பரண்ல தூங்கிச்சு."

"ஆமா ஈனிட்," என்றாள் வினி. "உன்னுது பறந்துச்சு."