அம்மாவை வெட்டிய இடம்

அம்மா சின்னப் பெண்ணாக இருந்தபோது கல்வராயன் மலைக்கு ஒரு சினிமாக் கம்பெனி வந்ததாம். ஓடையைக் கடக்கும் கூட்டத்தில் அவளும் நடந்தாளாம். படம் வெளிவந்தபோது அவள் அதில் இல்லை.

"என்ன வெட்டிட்டாங்க" என்று சிரித்தாள்.

மறுநாள் அவள் தலை துவட்டும்போது கழுத்தைத் தடவித் தழும்பு தேடினேன்.

"இன்னாடி, பேன் பாக்குறியா?"

"வெட்டுன இடம் எங்கம்மா?"

சிரித்துச் சிரித்து அவளுக்குப் புரையேறிவிட்டது. கள்ளக்குறிச்சியில் கல்யாண வீடியோ எடிட் பண்ணும் மாமாவிடம் என்னை அழைத்துப்போனாள்.

மாமா கம்ப்யூட்டரில் கத்தரிக்கோல் மாதிரி இருந்த சின்னப் படத்தைக் காட்டினார். "அப்பல்லாம் ஃபிலிம நெஜமாவே வெட்டி ஒட்டுவாங்க பாப்பா. கம்ப்யூட்டர் வந்தும் கத்திரி போவல." பந்தியிலிருந்த மாப்பிள்ளையின் சித்தப்பாவை வெட்டினார். ஒரு பொத்தானை அழுத்தினார். சித்தப்பா அப்பளத்தோடு திரும்பி வந்தார்.

"அம்மாவயும் வர வையி மாமா."

"அது ஃபிலிமு. வெட்டுனது குப்பையில போயிருக்கும்."

"பாத்தியா, கூடப் பொறந்தவனே என்ன குப்பையில போடுறான்" என்றாள் அம்மா.

நான் விடவில்லை. பஜாரில் அந்தப் படத்தின் சிடி கேட்டேன். "திருட்டு சிடில இன்னும் கண்டபடி வெட்டியிருப்பான். கம்பெனிக்காரங்களே ஒரு நாளைக்கு முழுசா வுடுவாங்க" என்றார் மாமா.

டிவியில் அந்தப் படம் வரும்போதெல்லாம் அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்காருவாள். ஓடைக் காட்சி முடிந்ததும் எழுந்துவிடுவாள்.

"நீதான் இல்லியே, இன்னாத்துக்குப் பாக்குற?"

"சும்மா குந்துடி."

என்றைக்காவது வெட்டாமல் வரும் என்று காத்திருக்கிறாள் என நினைத்துக்கொண்டேன்.

போன தை மாதம் அம்மா இறந்துவிட்டாள். அவள் முகத்தைப் பார்க்க வேண்டும் போலவே இருக்கிறது. போன வாரம் அந்தக் கம்பெனியே படத்தைத் தன் சேனலில் போட்டிருந்தது. முழுப் படம் என்று எழுதியிருந்தது. மாமா பக்கத்தில் உட்கார்ந்து போனில் பார்த்தேன்.

கூட்டம் ஓடையில் இறங்கியது. தலையில் மூட்டையோடு ஒரு பெண் கரையேறினாள். அடுத்து கதாநாயகனின் ஜீப். அதே வெட்டு.

"நிறுத்து பாப்பா. பின்னால தள்ளு." மாமாவின் குரல் மாறியிருந்தது. "இது எங்கம்மா. ஒரு போட்டோகூட இல்ல அவங்களுக்கு."

அம்மா யாருக்காக அடுப்பை அணைத்தாள் என்று அந்த டிவி நாட்களில் எனக்குத் தெரியாது.

இப்போது தனியாக அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். கரையேறியவள், பின்னால் வரும் பிள்ளைக்காக நின்று திரும்பிப் பார்க்கிறாள். உடனே ஜீப் வந்துவிடுகிறது.